பத்து எண்ணும் வரை

மிஸ் எனிட் பார்லோ கத்தரிக்கோலால் ஒரு பையனின் காதுகளைக் குறைத்துக்கொண்டிருக்கிறார். புகைப்படத்தில்தான். வியன்னாவிலிருந்து வந்த படம். பையனுக்கு எட்டு வயது. காதுகள் இரண்டும் திறந்துவைத்த ஜன்னல் கதவுகள் மாதிரி நிற்கின்றன. "இந்தக் காதோட இவனைக் காட்டினா கிறிஸ்துமஸ் வரைக்கும் அலமாரியிலேயே கிடப்பான்" என்று சொல்லி, படத்தின் ஓரங்களை ஒட்ட நறுக்கி, பசை தடவி அட்டையில் அழுத்துகிறார். காது போனதும் பையனுக்கு நல்ல குடும்பத்துக் களை வந்துவிடுகிறது.

லண்டனில், அகதிக் குழந்தைகளுக்கான குழு ஒன்றின் மூன்றாம் மாடி அறை இது. நாஜிகளின் பிடியில் இருக்கும் யூதக் குழந்தைகளை உள்ளே விடலாம் என்று போன குளிர்காலத்தில் நம் அரசாங்கம் பெரிய மனது பண்ணியது. அந்தப் பெரிய மனதுக்குச் சில வரம்புகள் உண்டு. பதினேழு வயதைத் தாண்டியிருக்கக் கூடாது. அம்மா அப்பா கூட வரக் கூடாது. பிள்ளைக்கு நான் பொறுப்பு என்று இங்கே ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும். அந்தக் கையெழுத்தைப் பிடிப்பதுதான் மிஸ் பார்லோவின் வேலை. நான் ஐந்து வருடம் ஊர் ஊராகத் திரிந்து கற்றதில் உருப்படியானது ஜெர்மன் மொழி ஒன்றுதான். அதற்காக எனக்கு எதிர் மேஜை.

இங்கே வருவதற்கு முன் முப்பது வருடம் ஆக்ஸ்ஃபோர்ட் தெருவில் தொப்பி விற்றவர் அவர். வயது ஐம்பத்தாறு. குட்டை உருவம், ஆண்பிள்ளைக் கை. காலையில் வந்ததும் தன் தொப்பியைக் கழற்றி, அதன் நீண்ட ஊசியை எடுத்துக்கொண்டு உட்காருவார். தபால் உறைகளை அந்த ஊசியால்தான் கிழிப்பார். சில கடிதங்களைப் படித்து முடிக்கும் வரை ஊசியைக் கீழே வைப்பதில்லை.

'பெண் குழந்தை, ஐந்திலிருந்து ஏழுக்குள். சுருட்டை முடி விரும்பத்தக்கது. படுக்கையை நனைக்காததாக இருக்கட்டும்.' 'பையன் அனுப்பலாம், ரொம்பக் கெட்டிக்காரன் வேண்டாம். எங்கள் மகன் மனம் ஒடிந்துபோவான்.' 'யூதப் பிள்ளை என்று பார்த்தவுடன் தெரியாமல் இருந்தால் அக்கம்பக்கத்துக்கு நல்லது.' எழுதியவர்கள் எல்லாரும் ஞாயிறு தவறாமல் தேவாலயம் போகிறவர்கள். கடைசி வரியில் கடவுளின் ஆசியை அனுப்பியிருப்பார்கள். அதற்கு வயது வரம்பு இல்லை.

"சைஸ் சொல்றாங்க, கலர் சொல்றாங்க. சொல்லட்டும்" என்பார் மிஸ் பார்லோ. "தொப்பி வாங்க வர்றவளும் அப்படித்தான் சொல்லுவா. கேட்டதையா வாங்கிட்டுப் போறா? தலையில வச்சிட்டாப் போதும், பொண்ணே. கழட்ட வெக்கப்படுவா."

எங்கள் கௌரவச் செயலாளருக்கு இந்தப் பேச்சு பிடிக்காது. காலனிகளில் அதிகாரியாக இருந்து ஓய்வுபெற்றவர். மீசைக்குத் தனியாகச் சீப்பு வைத்திருக்கிறார். "மிஸ் பார்லோ, இது தர்ம ஸ்தாபனம். கடை இல்ல."

"ஆமாங்க சார். கடையா இருந்தா இந்நேரம் சரக்கு தீர்ந்திருக்கும்."

இழுப்பறையில் நாற்பத்தோரு அட்டைகள் மிச்சம்.

நம் ஜனங்களை அவர் நன்றாகப் படித்துவைத்திருக்கிறார். கடிதத்தில் இரக்கமே இல்லாமல் முடியாது என்று எழுதுவார்கள். நேரில் நீட்டிய கையை மட்டும் தட்ட மாட்டார்கள். தட்டினால் மானம் போய்விடும். அதனால் புறப்படப்போகும் ஒவ்வொரு பிள்ளைக்கும் அவர் சொல்லச் சொல்ல நான் ஜெர்மனில் எழுதுகிறேன்: 'இறங்கியதும் அவர்களுக்கு முன்னால் நீ கையை நீட்டு. அழாதே, இளிக்காதே. பத்து எண்ணும் வரை கையை விடாதே.'

அக்கா தங்கைகளுக்கு மட்டும் வேறொரு ஏற்பாடு. பொறுப்பேற்கும் வீட்டாருக்குப் படிவத்தை இரண்டு பிரதியாக அனுப்புவார். கையெழுத்துப் போட்டால் போதும், மற்றதை அலுவலகம் நிரப்பிக்கொள்ளும். இரண்டாம் பிரதியைப் படித்துப் பார்த்த ஆங்கிலேயர் இன்னும் பிறக்கவில்லை. முதல் பிரதியில் அவர்கள் கேட்ட பிள்ளையின் பெயரைத் தட்டச்சு செய்வார். இரண்டாவதில் கேட்காத அக்காவின் பெயர். ரயிலடியில் இருவரும் இறங்குவார்கள். "ஐயையோ மேடம், எங்க ஆபீஸ்ல எவளோ தப்புப் பண்ணிட்டா போல!" அதற்குள் கை பிடிபட்டிருக்கும். இப்படி ஒன்பது ஜோடி. ஒரு ஜோடியும் பிரியவில்லை; அக்கா இருக்கும் வீட்டில்தான் தங்கையும். (செயலாளர் எந்தப் பத்திரிகையிலும் முதல் பக்கத்தைத் தாண்டியதில்லை. அந்தத் தைரியத்தில் எழுதுகிறேன்.)

புகார் இரண்டு வந்தது. "மூணாவது வந்தா உங்க மேஜை வேற ஆளுக்கு" என்று செயலாளர் சொல்லிவிட்டார். அந்த வேறு ஆள் யார் என்றும் எங்களுக்குத் தெரியும்: அவருடைய அண்ணன் மகள், அழகாகப் பூ அடுக்குவாள்.

"நீங்களே ஒரு பிள்ளையை எடுத்துக்கலாமே?" என்று ஒருநாள் கேட்டேன்.

"கடையில நிக்கிறவ சரக்கை வீட்டுக்குக் கொண்டுபோகக் கூடாது" என்றார். "முப்பது வருஷத்துல ஒரு ரிப்பன்கூட எடுத்ததில்ல." அவர் இருப்பது கேம்டனில் ஓர் ஒற்றை அறை. வீட்டுக்காரி பூனைக்கே இடம் தராதவள்.

ஸ்பிட்ஸர் சகோதரிகளின் படம் மார்ச்சில் வந்தது. மீட்ஸிக்கு ஆறு வயது, பொன்னிறச் சுருட்டை. பிஸ்கட் டப்பாவில் அச்சடிக்கலாம். ஓல்காவுக்குப் பன்னிரண்டு, தடித்த மூக்குக்கண்ணாடி, இடது காலுக்கு இரும்புப் பட்டை. படத்தின் பின்னால் அவர்களுடைய அம்மா பென்சிலால் எழுதியிருந்தாள்: 'தயவுசெய்து பிரிக்க வேண்டாம்.' மீட்ஸியைப் பதினான்கு பேர் கேட்டார்கள். நான்கு மாதமாக ஓல்காவை யாரும் கேட்கவில்லை.

பதினான்கில் பெரிய வீடு சர்ரேயைச் சேர்ந்த மிஸஸ் லாட்டிமருடையது. அக்காவைப் பற்றி மிஸ் பார்லோ நாசூக்காக விசாரித்தார். பதில் வந்தது: சின்னவள் போதும், இரும்புச் சத்தம் கேட்டால் எங்கள் நாய் மிரளும். மிஸ் பார்லோ அந்தக் கடிதத்தில் ஊசியைக் குத்தி வைத்துவிட்டு, படிவத்தில் இரண்டு பிரதி அனுப்பினார். இரண்டிலும் கையெழுத்து வந்தது.

போன வியாழக்கிழமை லண்டன் லிவர்பூல் தெரு ரயில் நிலையம். கழுத்தில் எண் அட்டை தொங்க, பிள்ளைகள் பெஞ்சுகளில் உட்கார்ந்திருந்தார்கள். மிஸ் பார்லோ புதுப் பூ வைத்த தொப்பியுடன் வந்திருந்தார்; விற்பனை நாளில் தொப்பி முக்கியம் என்பார். பெயர் கூப்பிட்டதும் சகோதரிகள் எழுந்து வந்தார்கள். ஓல்காவின் கால் கல்தரையில் கணீர் கணீரென்றது.

மிஸஸ் லாட்டிமர் நாயோடு வந்திருந்தார்.

பட்டுநாடா கட்டிய குட்டை நாய், இடது கையில். வலது கையால் மீட்ஸியை எட்டிப் பிடித்தார். "இவதானே! செல்லமே! படத்துல இருக்கிற மாதிரியே இருக்கா!" ஓல்கா சொன்னபடியே கையை நீட்டினாள். மிஸஸ் லாட்டிமரிடம் மிச்சக் கை இல்லை.

"ஐயையோ மேடம்" என்று மிஸ் பார்லோ ஆரம்பித்தார். "எங்க ஆபீஸ்ல ஒரு தப்பு..."

"தெரியும், மிஸ் பார்லோ. நான் கையெழுத்துப் போட்டு அனுப்பினப்புறம் உங்க ஆபீஸ் தப்பைப் பத்தி எங்க பாதிரியார் சம்சாரம் சொன்னாங்க. அவங்களுக்கும் ரெண்டாத்தான் வந்துச்சாம்."

"பெரியவ சாதுவான பொண்ணு மேடம். தையல் தெரியும். தங்கச்சி தூங்கணும்னா இவ பக்கத்துல இருக்கணும்."

"பாவம்தான். யார் இல்லேன்னா? ஆனா டோட்டோ இப்பவே நடுங்குது பாருங்க. உங்க செயலாளருக்கு எழுதத்தான் போறேன்."

"எழுதுங்க மேடம். ரெண்டு பிரதியா எழுதுங்க."

மீட்ஸி போகும்போது திரும்பித் திரும்பிப் பார்த்தாள். ஏதோ சின்ன வேலை முடித்துவிட்டு அக்கா பின்னால் வருவாள் என்று நினைத்தாள் போல. வாசலுக்குப் போன பிறகுதான் அவள் குரல் கேட்டது. அதற்குள் நாயும் குரைக்க ஆரம்பித்துவிட்டது.

ஓல்கா நீட்டிய கையை இறக்கவில்லை. யாரும் பிடிக்காவிட்டால் என்ன செய்வது என்று எங்கள் கடிதத்தில் எழுதவில்லை.

"மிஸ் பார்லோ, அகதிப் பிள்ளைங்க விடுதிக்குச் சொல்லி அனுப்பட்டுமா?" என்றேன்.

அவர் கையுறையைக் கழற்றிப் பைக்குள் திணித்தார். நீட்டியிருந்த கையைப் பிடித்தார். ஓல்கா நிமிர்ந்து நின்றாள். உதடுகள் ஓசையில்லாமல் ஜெர்மனில் எண்ணின: ஒன்று, இரண்டு, மூன்று. பத்து வந்ததும், கற்பித்தபடி, விரல்களைத் தளர்த்தினாள்.

மிஸ் பார்லோ தளர்த்தவில்லை.