கடிதம் அப்பா கைக்குப் போகும் காட்சி

கண்ணுகளா, ஞாயிற்றுக்கிழமை டிவியில் அந்தக் காதல் படத்தைப் பார்த்து நீங்கள் இரண்டு பேரும் உருண்டு உருண்டு சிரித்தீர்கள். காதலன் எழுதிய கடிதம் தவறிப்போய்ப் பெண்ணின் அப்பா கைக்குப் போகிற இடத்தில் நான் எழுந்து வெளியே போய்விட்டேன். ஏனுங்கப்பா என்று கேட்டீர்கள். வாயில் சொல்ல வரவில்லை, எழுதிவைக்கிறேன்.

அப்போது எனக்கு ஒன்பது வயது. என் அப்பாவின் தங்கை, கல்யாணமாகாத அத்தை, எங்களோடு இருந்தார். கம்பெனியிலிருந்து வரும் பனியன்களில் நீட்டிக்கொண்டிருக்கும் பிசிறு நூலை வீட்டிலேயே உட்கார்ந்து வெட்டிக்கொடுப்பது அவர் வேலை. கத்தரி ஓட ஓட இதே படமும் ஓடும். வாடகைக்கு எடுத்த சிடியைத் திருப்பிக்கொடுக்க அவருக்கு மனசே வராது. அந்தக் கடிதக் காட்சி வந்தால் கத்தரியைக் கீழே வைத்துவிட்டுச் சிரிப்பார். வீதி முனை வரைக்கும் கேட்கும்.

பனியன் பண்டில்களை மொபெட்டில் கொண்டுவருபவர் கம்பெனியில் வேலை பார்த்த ஒரு தெற்கத்தி அண்ணன். ஒரே நடையில் முடிகிற சரக்கை இரண்டு நடையாகக் கொண்டுவருவார். "பெட்ரோல் பங்க் உங்க மாமனாருதுங்களா?" என்று அத்தை கிண்டல் செய்வார். அவர் தலையைக் குனிந்துகொள்வார்.

ஒருநாள் பண்டிலோடு வந்த சரக்குச் சீட்டை அத்தை திரும்பத் திரும்பப் படித்துவிட்டு, காலண்டருக்குப் பின்னால் செருகினார். அவர் குளிக்கப் போனதும் எடுத்துப் பார்த்தேன். பீஸ் கணக்குக்குக் கீழே, "ஒங்க சிரிப்பக் கேக்கத்தான் ரெண்டு நடையா வாரேன்" என்று எழுதியிருந்தது.

படத்தில் அப்பா கடிதத்தைப் படிப்பார், எல்லோரும் சிரிப்பார்கள், அடுத்த காட்சியே கல்யாணம். அத்தைக்கும் அப்படியே நடக்கட்டும் என்று, சாயங்காலம் அப்பா வந்ததும் சீட்டை அவர் கையில் கொடுத்துவிட்டுச் சிரிப்புக்காகக் காத்து நின்றேன்.

அப்பா இரண்டு முறை படித்தார். குரலை உயர்த்தவில்லை. "எங்க கெடந்துச்சு கண்ணு?" என்றார்.

படத்தில் கடிதம் தரையில்தான் கிடக்கும். "கீழ கெடந்துச்சுங்கப்பா" என்றேன்.

மறுநாளிலிருந்து பண்டில் வரவில்லை. அடுத்த மாதமே கல்யாணம், படத்தில் வந்த மாதிரியே. மாப்பிள்ளை மட்டும் வேறு ஆள், பொங்கலூரில் தோட்டம் உள்ளவர். நான் புதுச்சட்டையோடு அந்த அண்ணனைக் கூட்டத்தில் தேடிக்கொண்டிருந்தேன். புறப்படும்போது அத்தை என் அம்மாவின் தோளில் சாய்ந்து, "நாந்தானுங்க அண்ணி கீழ போட்டுட்டேன். பத்தரமா வெச்சேன்னு நெனச்சேன்" என்று அழுதார். கல்யாணமென்றால் பெண்கள் அழுவார்கள்தானே என்று நான் ஐஸ்கிரீம் வாங்கப் போய்விட்டேன்.

தான்தான் தவறவிட்டதாக அத்தை இன்றுவரை நம்பிக்கொண்டிருக்கிறார்.

நேற்று நீங்கள் பள்ளிக்கூடம் போனதும் அவருக்குப் போன் போட்டேன். "சொல்லு சாமி" என்றார். மாடு கன்று போட்டுவிட்டதா என்று கேட்டேன். கிடேரிக்கன்று என்றார். சரிங்க அத்தை என்று வைத்துவிட்டேன்.