பலராமன் கண் வைத்த கன்று

செங்கம் ரோட்டில் என் ஜெராக்ஸ் கடைக்கு அடுத்த கடை பலராமனுடையது. மையில் பிராணி வரைந்து கொடுப்பது அவர் தொழில். கிளி, அணில், ஓணான், எதைக் கேட்டாலும் வரைவார். கண்ணில் புள்ளி வைத்ததும் அது காகிதத்தை விட்டு எழுந்து நடக்கும். ஈரம் பட்டால் கரைந்துவிடும் என்பதால் மழைக்காலத்தில் மட்டும் வியாபாரம் கம்மி. பக்கத்து ஆசிரமத்துக்கு வருகிறவர்கள் அவர் கடை முன்னால் வாயைப் பிளந்துகொண்டு நிற்பார்கள். பலராமனுக்கும் அந்தக் கூட்டம் வேண்டும். சாப்பாடு இல்லாவிட்டாலும் சமாளிப்பார், நாலு பேர் 'ஆஹா' சொல்லாவிட்டால் மனுஷனுக்குத் தூக்கம் வராது. நல்லவர்தான். இந்த ஒரு வியாதி மட்டும் உண்டு.

போன கோடையில் அடி அண்ணாமலையிலிருந்து ஆதிலட்சுமி வந்தாள். அவளுக்கு இருப்பது ஒரே மாடு. அதன் கன்று பிறந்த வாரத்திலேயே செத்துப்போயிற்று.

"பால் எறக்க மாட்டேங்குதுங்க. தீனியும் எடுக்கல. மடி கல்லு மாதிரி ஆயிடுச்சு. இப்டியே வுட்டா மாடே தங்காதுனு டாக்டர் சொல்லிட்டாரு. வைக்கோல் கன்னு வச்சுப் பாத்தேன், முட்டித் தள்ளுது. மூச்சு வுடுற கன்னு ஒண்ணு போட்டுக் குடுங்கண்ணா."

"கவலப்படாத தங்கச்சி. நீ போ, சாயந்திரம் எடுத்துட்டு வர்றேன்" என்றார் பலராமன்.

தாய்க்காக வரைகிற குட்டிக்கு ஒரு முறை உண்டு. உடம்பை எங்கே வேண்டுமானாலும் வரையலாம். கண்ணை மட்டும் தாயின் எதிரில், தாயின் எச்சிலைக் குழைத்த மையால் வைக்க வேண்டும். அப்போதுதான் குட்டி அவளைத் தாயென்று அறியும், அவள் எத்தனை நக்கினாலும் கரையாது. இந்தத் தொழிலில் இருக்கிற எவருக்கும் இது பாலபாடம், மாடு வைத்திருக்கிறவர்களுக்கும் தெரியும்.

கடை வாசலில் பெரிய தாளை விரித்து பலராமன் வரைய ஆரம்பித்தார். மடங்கிய முன்னங்கால், ஈரமான மூக்கு, இமைமயிர் வரைக்கும் வந்துவிட்டது. கூட்டம் ரோடு வரை நின்றது. ஒரு பையன் போனை நீட்டிப் பிடித்துக்கொண்டு, "கண்ணத் தொறங்க சார், பாக்கணும்" என்றான்.

"அது மாட்டுக்கு முன்னாடி வைக்கணும் தம்பி."

"ஒரே ஒரு தடவ சார்!"

எல்லோரும் கை தட்டிக் கெஞ்சினார்கள். பலராமன் போனைப் பார்த்தார், கூட்டத்தைப் பார்த்தார். அவ்வளவுதான், ஆள் விழுந்துவிட்டார். பிரஷ் நுனியைக் கூராக்க நாக்கில் தொட்டுக்கொள்வது அவர் பழக்கம். தொட்டார், வைத்தார்.

கன்று எழுந்து நின்றது. நேராக வந்து பலராமன் வயிற்றில் மூக்கால் முட்டி, பால் தேடியது. கூட்டம் ஆரவாரம் செய்தது. பலராமன் முகத்தில் ரத்தமே இல்லை. கண்ணில் இருந்தது அவருடைய எச்சில்.

"வேற போட்டுக் குடுத்துடுங்கண்ணா" என்றேன்.

"இருந்த மை தீந்துடுச்சு, மறுபடி இவ்ளோ மை ஊற ஒரு மாசம் ஆவும். மடி அதுவரைக்கும் தாங்காது." பிறகு என் கண்ணைப் பார்க்காமல் சொன்னார்: "மாடுதானே. அதுக்கு இன்னா தெரியப் போவுது."

அவர் வாயில் அந்தப் பேச்சைக் கேட்க எனக்கே கூசியது. லோடு ஆட்டோவில் கன்றை ஏற்றிக்கொண்டு இருவரும் போனோம். வழியெல்லாம் அது அவர் மடியில் தலை வைத்திருந்தது.

கன்றைப் பார்த்ததும் மாடு கயிறு அறுகிற மாதிரி இழுத்துக்கொண்டு கத்தியது. கன்று பயந்து பலராமன் காலுக்குப் பின்னால் ஒளிந்தது. மாடு கழுத்தை நீட்டி அதன் முதுகை நக்கியது. மறுபடியும் நக்கியது. மாட்டின் நாக்கு கறுத்தது. கன்றின் முதுகு வெளிறியது.

ஆதிலட்சுமி பதறிப்போனாள். "இதோட எச்சில கலக்கலையா நீங்க?"

பலராமன் கன்றைப் பிடித்து இழுக்கக் குனிந்தார்.

"வுடுங்க!" என்று கத்தினாள். "இன்னொரு வாட்டி அதுகிட்டருந்து புடுங்காதீங்க."

மாடு ஆசை தீர நக்கியது. முதுகு போயிற்று, வயிறு போயிற்று. கன்று கடைசி வரை பலராமனையே பார்த்து 'ம்மா, ம்மா' என்றது. அவர் சட்டைப்பையில் போன் விடாமல் சிணுங்கியது. வீடியோவை யாரோ போட்டுவிட்டார்கள், பாராட்டு வந்து குவிந்துகொண்டிருந்தது. அவர் போனை எடுத்து அணைக்கக்கூட இல்லை. அவமானத்தில் ஒரு மனிதன் இவ்வளவு சிறுத்துப்போவதை நான் பார்த்ததில்லை.

கன்று இருந்த இடத்தில் ஒன்றும் இல்லை. மாடு தரையை மோந்தது, வைக்கோலை மோந்தது. பிறகு மை படிந்த பலராமனின் கையைக் கண்டுபிடித்து நக்க ஆரம்பித்தது. அவர் வெடுக்கென்று கையை இழுக்கப் போனார்.

"எடுக்காதீங்க" என்றாள் ஆதிலட்சுமி.

சொம்பை எடுத்துவந்து குந்தி உட்கார்ந்து மடியில் கை வைத்தாள். முதலில் ஒன்றும் வரவில்லை. பிறகு சொம்பில் பால் விழுகிற சத்தம் கேட்டது. பலராமன் நீட்டிய கையோடு நின்று, வாய்விட்டு அழுதார்.

ஆதிலட்சுமி நிமிர்ந்து பார்க்கவில்லை. "காலையிலயும் வாங்க" என்றாள். "இதுக்கு இப்ப இருக்குற கன்னு நீங்கதான்."