கடைசி எபிசோடும் நான்கு கட்டை விறகும்

பேயும் வாளும் ரத்தமுமாக ஓடும் அந்தப் பழைய ஜப்பானிய அனிமே தொடரை இன்றைக்கும் எதற்கு இப்படித் தலையில் தூக்கிவைத்து ஆடுகிறார்கள் என்று அலுவலகத்துப் பையன்கள் கேட்பார்கள். படம் மங்கல், அசைவும் விட்டுவிட்டுத்தான் வரும். நாங்கள் பார்த்தபோதே அது பழசு. காரணம் எனக்குத் தெரியும், ஆனால் வாயைத் திறக்க மாட்டேன்.

அப்போது எனக்குப் பத்து வயது. குரங்கணிக்கு மேலே பெரியப்பாவுக்கு ஏலக்காய்த் தோட்டம். அவர் மகன், என் அண்ணன், பிளஸ் டூ முடித்துவிட்டு சென்னையில் அனிமேஷன் படிப்பேன் என்று ஒற்றைக்காலில் நின்றான். மாதக்கணக்கில் முறுக்கிக்கொண்டிருந்த பெரியப்பா ஒருவழியாக இறங்கிவந்தார். "இந்தத் தடவ எடுத்த காய ஒழுங்கா காயவச்சுக் குடு. அப்புறம் எங்க வேணா போ."

காய் உலர்த்தும் ஸ்டோரில் சூடு சீராக இருக்க வேண்டும். கொஞ்சம் கூடினாலும் பச்சை போய்விடும். பச்சை போன காயை போடிச் சந்தையில் யாரும் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்கள். அதனால் அண்ணன் அடுப்புக்குப் பக்கத்திலேயே லேப்டாப்பை வைத்துக்கொண்டு, பார்த்துப் பார்த்து விறகு போடுவான். கூடவே நானும் உட்கார்ந்திருப்பேன்.

அன்று மத்தியானம் கடைசி எபிசோடு. இரண்டு நண்பர்கள் பேய்க்கோட்டைக்குள் நுழைகிற நேரம் பார்த்து, கீழே ஜீப்பு ஹாரன் அடித்தது. அண்ணன் படத்தை நிறுத்தினான்.

"பாப்பா, லோடு எறக்கிட்டு வர்றேன். தணல் அடங்குனா ஒரு கட்டை போடு. ஒண்ணே ஒண்ணுதான், கேட்டியா?"

ஒன்று போட்டேன். அவன் வந்தபிறகு பாதிப் படத்தில் எழுந்திருக்க வேண்டாமே என்று இன்னும் மூன்றைச் சேர்த்துத் திணித்தேன். என்ன ஒரு புத்தி! அவன் வந்து உட்கார்ந்து கொஞ்ச நேரம்தான் ஆகியிருக்கும், வாடை வந்துவிட்டது. ஓடிப்போய்த் தட்டுகளை இழுத்தான். காய் முழுக்கப் பழுப்பு.

அதே ஜீப்பில் வந்திருந்த பெரியப்பா அடுப்பைப் பார்த்தார். "இத்தன கட்டைய யாரு வச்சது?"

அவர் என்னை ஒருநாளும் அடித்ததில்லை. ஆனாலும் நான் கதவோரம் ஒதுங்கினேன். அண்ணன் வாயெடுப்பதற்கு முன்னால், "அண்ணந்தான் பெரியப்பா" என்றேன்.

அண்ணன் என்னைப் பார்த்தான். இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம், பாவி. சொல்லவில்லை.

"படம் பாத்துக்கிட்டுக் காயக் கருக்குறவன் மெட்ராசுல போயி என்னத்தக் கிழிக்கப்போற? இங்கனயே கெடந்து சோலியப் பாரு." பெரியப்பா சொன்னது சொன்னதுதான். அண்ணன் இன்றைக்கும் அந்தத் தோட்டத்தில்தான் இருக்கிறான்.

மறுநாள், கொஞ்சம்கூட வெட்கமில்லாமல், மிச்சத்தைப் போடச் சொல்லி நச்சரித்தேன். போட்டான். கோட்டைக்குள் பேய் ஓர் உயிரைக் கேட்கிறது. தான் தப்பிக்க, ஒருவன் தன் நண்பனைக் கைகாட்டிவிடுகிறான். பேயைவிட அவன்மேல்தான் எனக்குக் கொதித்தது. "சீ, இவனெல்லாம் ஒரு மனுசனா? இவன வெட்டணும்ணே!" என்று கத்திக்கத்தி அழுதேன்.

அண்ணன் திரையைப் பார்க்கவே இல்லை. என் கண்ணைத் துடைத்துவிட்டு, "விடு பாப்பா. பயந்துருப்பான்" என்றான்.

அப்படிப்பட்ட துரோகிக்குப் போய்ப் பரிந்து பேசுகிறானே என்று அன்றைக்கு முழுவதும் நான் அண்ணனோடு பேசவில்லை.