போகாத நாடகத்துக்கு எழுதிய விமர்சனம்

காரைக்கால் பாடகன் வாசுவுக்கு ஷேக் அலாவுதீன் பினாங்குப் பணத்தில் இருபத்தைந்து வெள்ளி கடன்பட்டிருந்தார். மனைவி நூர் பீவியின் பிரசவத்துக்காகப் போன வருஷம் வாங்கியது. வாசுவின் நாடகக் குழு இந்த வருஷமும் பினாங்குக்கு வந்து இறங்கிவிட்டது. கடன் அப்படியே நின்றது.

கடனைத் தவிர அலாவுதீனைக் குறை சொல்ல எவனுக்கும் வாய் வராது. மூன்றாம் வகுப்போடு பள்ளியை விட்டு, அச்சகத்தில் ஈய எழுத்துக் கோத்தே தமிழ் படித்து, பத்திரிகை நிருபராக உயர்ந்த மனிதர். சூலியா தெருவில் அரசியல் கூட்டமானாலும் கச்சேரியானாலும் அவர் வந்து உட்கார்ந்த பிறகுதான் தொடங்குவார்கள். பி.ஏ. படித்தவர்களே அவர் எழுத்தைக் காசு கொடுத்து வாங்கிப் படித்தார்கள்.

தொழிலில் அவருக்கு ஒரு வழக்கம் உண்டு. சனிக்கிழமைப் பத்திரிகைக்கு வெள்ளிக்கிழமை மாலைக்குள் எழுத்துக் கோத்து முடிக்க வேண்டும். நாடகமோ இரவு ஒன்பதுக்கு. ஆகவே பாட்டுப் புத்தகத்தை ஐந்து காசுக்கு வாங்கி, நாடகம் நடக்கும் முன்பே விமர்சனம் எழுதிவிடுவார். பதினோரு வருஷத்தில் ஒரு பிசகும் வந்ததில்லை.

அந்த வெள்ளிக்கிழமை பிசகியது. கடைசியில் வரும் சுதந்திரப் பாட்டைப் பாடக் கூடாது என்று, எழுத்துக் கோத்து முடிந்த பிறகு, பொழுது சாயும் நேரத்தில் போலீஸ் தடுத்துவிட்டது. வாசு அதற்குப் பதில் முருகன் பாட்டு ஒன்றைப் பாடினான். காலைப் பத்திரிகையிலோ, 'வாசு சுதந்திரப் பாட்டை முழங்க, கொட்டகையே எழுந்து நின்றது' என்று வந்திருந்தது.

பத்து மணிக்கு வாசுவைப் பிடித்துக்கொண்டு போனார்கள். பாடவில்லை என்று குழு முழுவதும் சொல்லியும் பயனில்லை. கொட்டகையில் காவல் நின்ற மலாய்ப் போலீஸ்காரன், மாத்தா-மாத்தாவுக்குத் தமிழ் தெரியாது. அச்சில் வந்ததுதான் சாட்சி. காரைக்கால்காரன் பிரெஞ்சுக் குடி, ஆங்கிலேயர் ஆண்ட பினாங்கில் அந்நியன். அவனைக் கப்பலேற்றி நாடு கடத்த ஒரு கையெழுத்துப் போதும்.

அலாவுதீன் பத்திரிகை ஆபீசுக்கு ஓடினார். பத்திரிகை முதலாளி ஹபீப் முகம்மது கதவைச் சாத்தினார்.

"வாயைத் தொறக்காத தம்பி. போகாம எழுதுனேன்னு சொன்னா ஊரே சிரிக்கும். சொன்ன அன்னைக்கே உனக்கு இங்க வேலை இல்ல."

"பையனைக் கப்பலேத்திடுவாங்களே, மொதலாளி."

"ஏத்தட்டும் லா. பாடுறவன் எங்க போனாலும் பாடிப் பொழைச்சுக்குவான்."

வீட்டில் நாலு பிள்ளைகள். அப்போதுதான் அலாவுதீனுக்கு ஒரு நினைப்பு வந்தது: வாசு போய்விட்டால் அந்த இருபத்தைந்து வெள்ளியைக் கேட்க யார் இருக்கிறார்கள்? போலீசைவிட அந்த நினைப்புக்குத்தான் அவர் அதிகம் பயந்தார். எழுந்து ஸ்டேஷனுக்கு நடந்தார். இரண்டு முறை பாதி வழியில் திரும்பி, மறுபடியும் நடந்தார்.

இன்ஸ்பெக்டர் துரைக்கு மொழிபெயர்க்க ஸ்டேஷன் எழுத்தர், யாழ்ப்பாணத்துக் கிராணி விஸ்வலிங்கம் உட்கார்ந்திருந்தார்.

"பாட்டை நீர் காதாலை கேட்டனீரோ?"

"இல்லைங்க ஐயா. நான் கொட்டகைக்கே போகல."

"போகாமலோ கொட்டகை எழும்பி நிண்டதெண்டு எழுதினனீர்?"

"வழக்கமா நிப்பாங்க ஐயா."

கிராணி சிரிப்பை அடக்கிக்கொண்டு அதை ஆங்கிலத்தில் சொன்னார். துரை சிரிக்கவில்லை. தாளில் நிப் உரசும் சத்தம் மட்டும் கேட்டது. தன்னையும் உள்ளே தள்ளப் போகிறார்கள் என்றே அலாவுதீன் நினைத்தார். சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. வாக்குமூலத்தைப் படித்துக் காட்டிக் கையெழுத்து வாங்கினார்கள். மூன்று மணிக்கு வாசுவை விட்டார்கள்.

முதலாளி சொன்ன சொல் தவறவில்லை. அதுவரைக்குமான சம்பளம் முப்பது வெள்ளியை மேஜையில் வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். அலாவுதீன் நேரே வாசு தங்கியிருந்த அறைக்குப் போனார்.

"வேலை போச்சாமே பாய்? காசு இப்ப வேணாம், வச்சுக்குங்க."

"கையை நீட்டு தம்பி. எனக்கு இன்னும் நடுக்கம் நிக்கல. நின்னுச்சுன்னா மனசு மாறிடும்."

வாசு கையை விரித்தான். அலாவுதீன் ஒவ்வொரு வெள்ளியாக அதில் வைத்து, இருபத்தைந்து வரை வாய்விட்டு எண்ணினார்.