கத்திரி வெட்டிய பதினான்கு விநாடி

ஸ்டுடியோவில் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடும் ஆள் கிடையாது. எல்லோருக்கும் அவர் 'கத்திரி அக்கா'. கணினியில் படத்தொகுப்பு செய்பவருக்குக் கத்திரி எதற்கு என்று கேட்காதீர்கள். அவருடைய வாய்க்கும் சேர்த்து வைத்த பெயர் அது. தையல்காரரான கணவர் மட்டும், "நான் வெட்டினா நானே தைக்கிறேன். நீ வெட்டிப் போடுறதை யாரு தைக்கிறது?" என்று சீண்டுவார்.

தொழிலில் அவர் தொடாதது இல்லை. கல்யாண வீடியோவில் தொடங்கினார். கொட்டாவி விட்ட பெரியப்பாக்களையெல்லாம் சத்தமில்லாமல் நீக்கிக் குடும்ப மானத்தைக் காப்பாற்றினார். பிறகு செய்தி, பாட்டு, சண்டைக் காட்சி. கையை ஓங்கவே தெரியாத கதாநாயகன்கூட அவர் மேஜைக்கு வந்தால் பத்துப் பேரைப் பந்தாடிவிடுவான். கடைசியில் ஆவணப்படங்களுக்கு வந்து சேர்ந்தார். எங்கே போனாலும் கொள்கை ஒன்றுதான்: யாராவது பேச்சை இழுத்தால் அந்த இடைவெளியை உருவிவிடுவது. பேசாத வாயை எவன் உட்கார்ந்து பார்ப்பான் என்பார். அதில் அவருக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு.

அவராக வைத்துக்கொண்ட வழக்கம் இன்னொன்றும் இருந்தது. ஆவணப்படத்தில் பேசியவர்களை ஒளிபரப்புக்கு முன்பே வரவழைத்து, அவர்கள் பேசிய பகுதியைப் போட்டுக் காட்டிவிடுவார்.

துறைமுக விபத்தைப் பற்றிய படம் அது. கிரேன் சரிந்து இறந்துபோன ஓட்டுநரின் மனைவி, பள்ளிச் சமையலறை வேலைக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு வந்திருந்தார். போட்டுக் காட்டிய பகுதியில், உங்க வீட்டுக்காரர் கடைசியா என்ன சொன்னார் என்று இயக்குநரின் குரல் கேட்டது. கேள்வி முடிந்த கையோடு திரையில் பதில் வந்தது: "ஒண்ணும் சொல்லல. சண்டை போட்டுட்டுத்தான் போனாரு."

அந்தம்மா கைப்பையை மடியில் இறுக்கிக்கொண்டார்.

"நான் இப்படி வெடுக்குனு சொல்லலைங்க. ரொம்ப நேரம் எனக்குப் பேச்சே வரல. இதைப் பார்த்தா, இன்னும் அவர்மேல கோவமா இருக்கேன்னுதானே என் பொண்ணு நினைப்பா? அன்னைக்கு சண்டையை இழுத்தது நான்தான்னு அவ ஏற்கெனவே என்கிட்ட முகம் கொடுத்துப் பேசுறதில்ல."

கத்திரி அக்காவுக்குச் சுருக்கென்றது. அந்தம்மாவை அனுப்பிவிட்டு மூலப் பதிவைப் போட்டுப் பார்த்தார். கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே பதினான்கு விநாடி. அந்த முகம் எதையோ சொல்ல வந்தது, விழுங்கியது, ஜன்னல் பக்கம் திரும்பியது, கலங்கிய கண்ணோடு மறுபடி வந்தது. இதையா குப்பையென்று தூக்கிப் போட்டோம் என்று வெட்கமாக இருந்தது. முப்பது வருஷ அனுபவம் என்று ஊரெல்லாம் பீற்றிக்கொண்டவர் அவர்.

தொலைக்காட்சிக்காரர்கள் கொடுத்த நேரத்துக்கு மேல் ஒரு விநாடி கூட வாங்கமாட்டார்கள். அந்தப் பதினான்கை வேறு எங்கிருந்தாவதுதான் பிடுங்கவேண்டும். படத்தின் தொடக்கத்தில், விடியும் வெளிச்சத்தில் கிரேன்கள் ஒவ்வொன்றாகத் தலை தூக்கும் காட்சி ஒன்று இருந்தது. இசையோடு அதைப் பொருத்த ஒரு வாரம் பாடுபட்டிருந்தார். அதில்தான் கை வைத்தார். விருது வாங்கித் தரும் காட்சி அது என்று இயக்குநர் வானத்துக்கும் பூமிக்கும் குதித்தார்.

"அந்தப் பொண்ணு பார்க்கணும் தம்பி" என்றார் கத்திரி அக்கா.

திரையிடலுக்கு அம்மாவும் மகளும் வந்தார்கள். நடுவே ஒரு நாற்காலியைக் காலியாக விட்டு உட்கார்ந்தார்கள். கத்திரி அக்கா பின்வரிசையில் இருந்தார். இயக்குநரின் கேள்வி வந்தது. திரையில் அந்த முகம் பேசாமல் இருந்தது. பேச்சு நின்றால் மனதுக்குள் விநாடியை எண்ணுவது அவருடைய தொழில் பழக்கம். ஆறுவரை எண்ணியிருப்பார், மகள் சட்டென்று எழுந்தாள். வெளியே போகிறாளோ என்று அவருக்குப் பகீரென்றது.

மகள் அந்தக் காலி நாற்காலிக்கு மாறி உட்கார்ந்தாள். அம்மாவின் மடியில் இருந்த கைப்பையை வாங்கித் தன் மடியில் வைத்துக்கொண்டு, அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். அதற்குமேல் எத்தனை விநாடி போனது என்று கத்திரி அக்கா எண்ணவில்லை.