முன்சீப்பின் எட்டு மாத விடுப்பு

எழுபதுகளின் தொடக்கத்தில் பூவிருந்தவல்லியில், கோர்ட்டுக்கு எதிரே ஒரு கடையில் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். வந்தவர்களில் என்னைத் திருடனைப் பார்ப்பதுபோல் பார்த்தவர் ஒரே ஒருவர்தான். கீழ்க்கோர்ட்டில் நீதிபதியாக இருந்து ஓய்வுபெற்ற முன்சீப்.

காட்டுப்பாக்கத்திலிருந்து ரிக்‌ஷாவில் வருவார். மனைவியும் வருவார், ஆனால் இறங்கமாட்டார். அடித்து முடித்ததும் முன்சீப் முதலில் கேட்பது கார்பன் தாளைத்தான். வெளிச்சத்தில் பிடித்து யாராவது படித்துவிடுவார்களாம். மடித்துப் பைக்குள் வைத்துக்கொள்வார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவர் மனுவைப் படித்து நான் என்ன கோட்டையா கட்டப்போகிறேன்?

அவருடைய சண்டை பென்ஷன் ஆபீசோடு. பணியில் இருந்தபோது எட்டு மாதம் சம்பளமில்லாமல் விடுப்பு எடுத்திருக்கிறார். அந்த எட்டு மாதத்தைப் பணிக்காலத்தில் சேர்க்க முடியாது என்று பென்ஷனைக் குறைத்துவிட்டார்கள். எவனோ குமாஸ்தா தன் ஃபைலில் கைவைத்துவிட்டதாக அவருக்குச் சந்தேகம். மனுவுக்கு மேல் மனு போட்டார். கடைசியில் பதில் வந்தது. விடுப்பு அவருடைய உடல்நலக் குறைவுக்காக என்று மருத்துவச் சான்று இருந்தால் சேர்க்கலாம், ஃபைலில் அப்படி ஒன்றும் இல்லை.

"உங்களுக்கு அப்போ உடம்பு சரியில்லையா சார்?" என்றேன்.

"எனக்கில்லை. அவளுக்கு" என்று ரிக்‌ஷாவைக் காட்டினார்.

நான் சும்மா இருந்திருக்கலாம். வாய் சும்மா இருக்கவில்லை.

"இதுக்கு இன்னா சார் இவ்ளோ கஷ்டம்? குமணன்சாவடில ஒரு டாக்டரு கீறாரு. பழைய தேதி போட்டு சர்டிபிகேட்டு குடுத்துடுவாரு. ஊர்ல பாதிப்பேரு அவராண்டதான் வாங்கிகினு போறான்."

முன்சீப் கண்ணாடியைக் கழற்றினார்.

"உன்னை யார் அனுப்பினது? அந்த ஆபீஸ்காரனா?"

நான் தன்னைச் சிக்கவைக்க வந்த ஆள் என்று முடிவுகட்டிவிட்டார். கார்பனை வாங்கிக்கொண்டு போனவர் அதன்பின் என் கடைக்கு வரவில்லை. எனக்கும் அவர்மேல் சந்தேகம். இவ்வளவு ஆடுகிற மனிதர் நேரே குமணன்சாவடிக்குத்தான் போயிருப்பார் என்று நினைத்துக்கொண்டேன்.

சில வருஷம் கழித்து அந்த அம்மா மட்டும் வந்தார். முன்சீப் இறந்துவிட்டார், குடும்ப ஓய்வூதியத்துக்கு மனு அடிக்க வேண்டும். அவர் கட்டிவைத்த காகிதக் கட்டை அப்படியே என்னிடம் கொடுத்தார். அவிழ்த்தேன். மனு நகல்களுக்கு நடுவில் குமணன்சாவடி டாக்டரின் சான்றிதழ் இருந்தது. பார்த்தாயா, நினைத்தது சரிதான் என்று எனக்குள் ஒரு அற்பச் சந்தோஷம்.

"ஐயையோ, இது இதுக்குள்ளேயா இருக்கு?" என்றார் அம்மா. முகம் வெளுத்துவிட்டது. "நான்தான் வாங்கினேன் தம்பி. நீ சொன்னது ரிக்‌ஷாவுல உட்கார்ந்திருந்த எனக்குக் கேட்டுது. எனக்காகத்தானே லீவு போட்டார், அதனால பென்ஷன் போகுதேன்னு மனசு கேக்கல. அவர் அனுப்பவேண்டிய காகிதத்தோட காகிதமா சொருகிவச்சேன். ஆபீசுக்குப் போயிருக்கும், அந்தக் குமாஸ்தாதான் கிழிச்சுப் போட்டுட்டான்னு இத்தனை நாளா திட்டிக்கிட்டிருக்கேன்."

சான்றிதழைத் திருப்பினேன். பின்பக்கம் சிவப்பு மையில் முன்சீப்பின் கையெழுத்து. அம்மா கண்ணாடி கொண்டுவரவில்லை, என்னைப் படிக்கச் சொன்னார். படித்தேன்.

"ஆவணம் பொய்யானது. நிராகரிக்கப்படுகிறது. தாக்கல் செய்தவர் என் மனைவி என்பதில் ஐயமில்லை. அவர்மேல் நடவடிக்கை தேவையில்லை. அவரிடம் இதைப் பற்றிக் கேட்கவும் கூடாது."

கீழே கையொப்பம், தேதி.

"தெரிஞ்சிருந்துதா அவருக்கு?" என்று கேட்டுவிட்டு அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். எனக்கு வெட்கமாக இருந்தது. மனுவை அடித்து முடித்து, அவர் கேட்காமலேயே கார்பன் தாளை மடித்து அவர் கையில் கொடுத்தேன்.