சாம்பிள்காரரும் பெப்டிடோகிளைகானும்

பயிற்சி வகுப்பில் பெப்டிடோகிளைகான் என்ற சொல்லை முதல் நாளே நாக்குக் குழறாமல் சொன்னவர் அவர் ஒருவர்தான். எல்லோரும் கைதட்டினார்கள். அந்தச் சொல்லுக்காக அவருக்குக் கிடைத்த முதல் பாராட்டும் கடைசிப் பாராட்டும் அதுதான். நாக்கு நன்றாகப் புரள்கிறதே என்று கம்பெனி அவரை ஆண்டிபயாட்டிக் பிரிவில் தள்ளிவிட்டது. கூட வந்தவர்கள் சத்து டானிக்கும் இருமல் மருந்தும் விற்றுக்கொண்டு நிம்மதியாக இருக்க, இவர் மட்டும் வருடக்கணக்காகக் கிருமிகளோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்.

வேலை மருந்துக் கம்பெனி ரெப். தோளில் தடித்த கறுப்புப் பை, கழுத்தில் டை, காலையில் பளபளத்து மதியத்துக்குள் புழுதி படிந்துவிடும் ஷூ. ஒவ்வொரு கிளினிக்காக ஏறி இறங்க வேண்டும். நோயாளிகள் எல்லோரும் போய் முடிந்த பிறகு டாக்டர் தலையசைத்தால் உள்ளே போகலாம். டாக்டர் கை கழுவிக்கொண்டிருப்பார், அல்லது போனில் இருப்பார், அல்லது வீட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருப்பார். அந்த இடைவெளியில் இவர் படப் புத்தகத்தை விரித்து மூச்சுவிடாமல் ஒப்பிக்க வேண்டும்.

"டாக்டர், பாக்டீரியா செல்லைச் சுத்தி பெப்டிடோகிளைகான் சுவர் இருக்கு. எங்க மாத்திரை அந்தச் சுவரைக் கட்ட விடாது. சுவர் இல்லாம பாக்டீரியா வெடிச்சு செத்துடும். நம்ம செல்லுக்கு அந்தச் சுவரே கிடையாது, அதனால நமக்கு சேதாரம் இல்ல டாக்டர்."

படப் புத்தகத்தில் ஒரு செங்கல் சுவர் இடிந்து விழுந்துகொண்டிருக்கும். கம்பெனியில் படம் வரைபவர் செங்கல்லைப் பார்த்தவர், கிருமியைப் பார்த்தவர் இல்லை. வயதான டாக்டர் ஒருவர் மட்டும், "மியூரின்னு சின்னதா ஒரு பேர் இருக்கே, எதுக்குய்யா இவ்வளவு நீளம்?" என்று அலுத்துக்கொள்வார். இரண்டும் ஒன்றுதான். ஒரே பிள்ளைக்கு வீட்டில் ஒரு பேர், பள்ளிக்கூடத்தில் ஒரு பேர் என்கிற மாதிரி. அதனால் அந்த ஒரு கிளினிக்கில் மட்டும் இவர் மியூரின் என்று சொல்லிவிட்டு வருவார். எந்தப் பேரைச் சொன்னாலும் டாக்டர் பார்ப்பது கடிகாரத்தைத்தான்.

இப்படி நாள் முழுக்க வாசல் வாசலாக நின்று களைத்து வருகிறவருக்கு மரியாதை கிடைத்த ஒரே இடம் அவர் குடியிருந்த அடுக்குமாடிக் கட்டிடம். அங்கே அவர் பேர் சாம்பிள்காரர். பிள்ளைகளுக்குச் சாம்பிள் மாமா. யாருக்குக் காய்ச்சல் வந்தாலும், பல் வலித்தாலும், வயிறு கெட்டாலும் இவர் வீட்டுக் கதவுதான் தட்டப்படும். இவர் கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிக்கொண்டு, டாக்டர்கள் தலை சாய்க்கிற அதே சாய்வில் தலையைச் சாய்த்து, "எத்தனை நாளா?" என்று கேட்பார். பிறகு டாக்டர்களுக்குக் கொடுக்கக் கம்பெனி தரும் இலவசச் சாம்பிளில் ஓர் அட்டை மாத்திரையைப் பையிலிருந்து எடுத்துக் கொடுப்பார். வாங்கிக்கொண்டு போகிறவர்கள் கும்பிடாத குறைதான். பாவம், மனுஷனுக்கு அது வேண்டியிருந்தது. நாள் பூராவும் நாற்காலி தராத உலகத்தில், வீட்டு வாசலில் நின்று இரண்டு நிமிடம் டாக்டராக இருந்துவிட்டுப் போகிறார் என்று விட்டிருக்கலாம், அந்த இருமல் வராமலிருந்தால்.

இருமல் அவர் மனைவிக்கு வந்தது. அவள் கூரியர் ஆபீசில் விசாரணை போன் எடுப்பவள். "உங்க பார்சல் கிளம்பிடுச்சு, வந்துக்கிட்டிருக்கு" என்று காலையிலிருந்து மாலைவரை சொல்ல வேண்டும், கிளம்பாத பார்சலுக்கும் சேர்த்து. அவர் ஒரு வாக்கியத்தை விற்று வீடு திரும்புவார், அவள் ஒரு வாக்கியத்தை விற்று வீடு திரும்புவாள். திரும்பிய பிறகு இரண்டு பேருக்கும் பேச்சு மிச்சமிருக்காது. மகள் வெளியூரில் ஹாஸ்டலில் படித்தாள். டிவி பேசும், இவர்கள் கேட்டுக்கொண்டிருப்பார்கள். அது சண்டையும் இல்லை, சலிப்பும் இல்லை. வெறும் அசதி.

வறட்டு இருமல், லேசான காய்ச்சல், உடம்பு வலி. படுக்கையில் விழுகிற அளவுக்கு இல்லை. அதனால் அவள் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். இவர் பையைத் திறந்து தன் கம்பெனி மாத்திரையைக் கொடுத்தார். அவள் டிவியிலிருந்து கண்ணை எடுக்காமல் கையை மட்டும் நீட்டினாள். கல்யாணமான நாளிலிருந்து அவள் அப்படித்தான். தன் உள்ளங்கையில் அவர் வைப்பது என்னவென்று பார்க்காமலே வாயில் போட்டு விழுங்கிவிடுவாள்.

ஐந்து நாள் கோர்ஸ் முடிந்தும் இருமல் நிற்கவில்லை.

"வேளைக்குப் போட்டியா? ஆபீஸ்ல மறந்து தொலைச்சிருப்ப" என்று எரிந்து விழுந்தார்.

"ஒரு வேளைகூட விடலைங்க."

அதே சுவரை உடைக்கிற வகையிலேயே இன்னும் கொஞ்சம் பலமானது ஒன்று பையில் இருந்தது. பழைய மாத்திரையின் அண்ணன் என்று வைத்துக்கொள்ளலாம். அதைக் கொடுத்தார். கையை நீட்டினாள், விழுங்கினாள். மாடிப்படி ஏறும்போது நடுவில் நின்று மூச்சு வாங்க ஆரம்பித்தாள். போனில் "வந்துக்கிட்டிருக்கு" என்று முடிப்பதற்குள் இருமல் முந்திக்கொண்டது. டாக்டரிடம் போகலாமா என்று அவள் ஒரு தடவை கேட்டாள். "டாக்டர் மட்டும் என்னத்தை எழுதப்போறாங்க? நான் சொல்லிக் கொடுக்கறதைத்தானே எழுதுவாங்க" என்றார். அது வீம்புப் பேச்சு என்று அவருக்கே தெரியும். தெரு முழுக்க டாக்டர்களைத் தெரிந்து வைத்திருந்தும், மனைவிக்கு வைத்தியம் கேட்டு ஒருவர் முன்னால் போய் உட்கார அவருக்குக் கூச்சமாக இருந்தது.

ஒரு நாள் சாயங்காலம் வேலையிலிருந்து வந்தவள் செருப்பைக் கழற்றாமலே வாசலில் உட்கார்ந்துவிட்டாள். உதட்டில் நிறமே இல்லை. அதற்குப் பிறகுதான் அவர் வீம்பை விட்டார். ஆட்டோ பிடித்து, வாரா வாரம் போய் நிற்கிற கிளினிக்குக்கே கூட்டிப்போனார். அங்கே டாக்டர் ஒரு பெண்மணி. மற்றவர்களை விடக் கொஞ்சம் பொறுமையாகக் கேட்பவர்.

அங்கே நடந்ததைத்தான் அவர் பிறகு நினைத்து நினைத்து மருகினார். கிளினிக் நிறையக் கூட்டம். வரவேற்பில் இருந்த கம்பவுண்டர், "வாங்க சார், இன்னைக்கு லேட்டாகும்" என்றார். பழகிய இடம், பழகிய ஆள், பழகிய பதில். இவர் வாய் தானாகத் திறந்தது.

"பரவால்ல, எல்லாரும் போகட்டும். நான் கடைசியா பாத்துக்கறேன்."

சொல்லிவிட்டு எப்போதும் நிற்கிற தூணோரம் போய் நின்றுகொண்டார், பை வேறு தோளில் தொங்கியது. மனைவியைப் பெஞ்சின் ஓரத்தில் உட்கார வைத்திருந்தார். பின்னால் வந்தவர்கள் முன்னால் போனார்கள். அழுகிற குழந்தை போனது, காலில் கட்டுப் போட்டவர் போனார், சர்டிபிகேட் கையெழுத்துக்கு வந்தவர்கூடப் போனார். இவர் ஒவ்வொருவருக்கும் லேசாகச் சிரித்து வழிவிட்டார். வருடக்கணக்கான பழக்கம், கால் தானாக ஒதுங்கியது. அவள் சுவரில் தலையைச் சாய்த்து வாயால் மூச்சு விட்டுக்கொண்டிருந்தாள். கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்துவிட்டு அவர் சட்டை நுனியைப் பிடித்து இழுத்தாள்.

"என்னங்க, இன்னைக்கு நீங்க ரெப் இல்லை. நான் பேஷண்ட்."

அவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஓடிப்போய்க் கம்பவுண்டரிடம் சொல்ல, அவர் அவளைப் பார்த்து, "ஐயோ, இதை முதல்லயே சொல்லக் கூடாதா சார்" என்று கதவைத் திறந்துவிட்டார்.

டாக்டர் விரலில் கருவியை மாட்டிப் பார்த்தார். முதுகில் ஸ்டெதாஸ்கோப்பை இடம் மாற்றி மாற்றி வைத்துக் கேட்டார்.

"ஆக்சிஜன் குறையுது. எத்தனை நாளா இருமல்? என்ன மருந்து கொடுத்தீங்க?"

அவர் மாத்திரையின் பேரைச் சொன்னார். சொன்னதோடு நிறுத்தியிருக்கலாம். நாக்கு அந்த அறையில் வேறெதுவும் பேசிப் பழகியதில்லை.

"முதல்ல அது, அப்புறம் அதைவிட ஸ்ட்ராங்கா ஒண்ணு. ரெண்டுமே பெப்டிடோகிளைகான் சுவரைக் கட்ட விடாது டாக்டர்."

"சரி. சுவரே இல்லாத கிருமியா இருந்தா?"

டாக்டர் குத்திக்காட்டவில்லை. சாதாரணமாகத்தான் கேட்டார். அப்படி ஒரு கேள்வி படப் புத்தகத்தின் எந்தப் பக்கத்திலும் இல்லை.

"மைக்கோபிளாஸ்மான்னு ஒண்ணு இருக்கு. அதுக்கு இந்தச் சுவர் கிடையாது. இப்படித்தான் வரும், நடமாட விட்டுட்டே நுரையீரலைப் பிடிக்கும். எக்ஸ்ரே எடுத்துப் பாத்துடலாம், ஆனா அனேகமா அதுதான். நானும் முதல்ல உங்க மாத்திரையையே எழுதியிருக்கலாம். ஆனா குறையலைன்னதும் வேற யோசிச்சிருப்பேன். நீங்க அதே வகையில இன்னொண்ணைக் கொடுத்திருக்கீங்க." பேனாவை எடுத்துக்கொண்டே, "இன்னைக்கே அட்மிட் பண்ணிடுங்க" என்றார்.

டாக்டர் எழுதிய மருந்து இவர் கம்பெனியில் கிடையாது. அது சுவர்ப் பக்கமே போகாத வகை. கிருமியைப் புரதம் தயாரிக்க விடாமல் தடுப்பது. போட்டிக் கம்பெனிச் சரக்கு. எதிரே வந்தால் இவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு போகிற ஒரு ரெப் விற்பது. மருந்துக் கடையில் அந்த அட்டையைக் கேட்டு வாங்கினார். கௌரவமெல்லாம் அன்றைக்கு ஞாபகத்துக்கே வரவில்லை. பிழைத்தால் போதும் என்று இருந்தது.

ஆஸ்பத்திரியில் முதல் இரவு அவர் கண்ணை மூடவில்லை. மூக்கில் குழாயோடு அவள் தூங்குவதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். மறுநாளும் காய்ச்சல் விடவில்லை. அதற்கடுத்த நாள் காலையில் அவள் தானாக எழுந்து உட்கார்ந்து, தலை சீவ வேண்டும், சீப்பு எங்கே என்று கேட்டாள். போன உயிர் திரும்பி வந்தது அவருக்கு.

சீவி முடித்துவிட்டு அவள் கேட்டாள்.

"தினமும் கண்ணாடி முன்னால நின்னு சொல்வீங்களே, பெப்டிடோகிளைகான். எனக்கே மனப்பாடம் ஆயிடுச்சு. அப்படின்னா என்னங்க? இத்தனை வருஷத்துல நான் கேட்டதே இல்ல."

அவர் யோசித்தார். பயிற்சியில் படித்தது எங்கோ அடியில் கிடந்தது. இடிகிற செங்கல்லை விட்டுவிட்டு, தெரிந்த மாதிரி சொன்னார்.

"வெங்காயம் போட்டு வருமே வலைப்பை, அந்த மாதிரி. கிளைகான்னா சர்க்கரையில ஆன நீள நூல். பெப்டிடோன்னா அந்த நூலையெல்லாம் குறுக்கே சேத்துக் கட்டுற சின்னச் சின்ன புரத முடிச்சு. உள்ள தண்ணி அழுத்திக்கிட்டே இருக்கும். வலை இருக்கறவரைக்கும் தாங்கும். எங்க மாத்திரை புது முடிச்சு போட விடாது. வலை பிஞ்சு, கிருமி வெடிச்சிடும்."

"எனக்கு வந்ததுக்கு வலையே இல்ல."

"இல்ல."

"அப்ப உங்க மாத்திரை என் உடம்புக்குள்ள என்னதான் பண்ணிக்கிட்டிருந்துச்சு?"

"ஒண்ணும் பண்ணல. அதுக்கு அங்க வேலையே இல்ல."

அவள் களைத்த முகத்தில் லேசாகச் சிரிப்பு வந்தது. "பாவம். பையைத் தூக்கிக்கிட்டு வாசல் வாசலா அலைஞ்சிருக்கும்."

அவரும் சிரித்தார். சிரிக்க ஆரம்பித்தவர் பாதியில் முகத்தைக் கைக்குட்டையால் மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது. கொன்றிருப்பேனே, என் கையாலேயே கொன்றிருப்பேனே என்பது மட்டும்தான் அவர் மனசில் ஓடியது. அவள் அவர் முதுகில் கை வைத்தாள். பரவாயில்லை என்று மட்டும் சொல்லவில்லை.

வீட்டுக்கு வந்த அன்றே கதவு தட்டப்பட்டது. மேல்மாடிக்காரர்.

"சார், பையனுக்கு ஒரே இருமல். ஒரு அட்டை சாம்பிள் இருக்குமா?"

பை நாற்காலியில்தான் இருந்தது, நிறைய. "தீர்ந்துபோச்சு. டாக்டர்கிட்ட காட்டிடுங்க" என்றார். எல்லாவற்றையும் விளக்கிச் சொல்ல அவருக்குத் தெம்பு இல்லை. மேல்மாடிக்காரர் நம்பாத முகத்தோடு படியேறிப் போனார். விடிந்தால் சாம்பிள்காரருக்குத் தலைக்கனம் வந்துவிட்டது என்று பேச்சு வரும். வரட்டும்.

ராத்திரிச் சாப்பாடு முடிந்தது. அவள் வழக்கமான இடத்தில் டிவி முன்னால் உட்கார்ந்திருந்தாள். அவர் ஒரு கையில் தண்ணீரும் ஒரு கையில் மாத்திரையுமாகப் போய் நின்றார். அவள் கையை நீட்டினாள். அவர் மாத்திரையை அவள் உள்ளங்கையில் வைத்தார்.

அவள் விழுங்கவில்லை. டிவியின் சத்தத்தைக் குறைத்தாள்.

"அந்த அட்டையைக் கொண்டாங்க. டாக்டர் எழுதின சீட்டையும்."

"அதேதான்ம்மா. நான் பாத்துதான் எடுத்தேன்."

"கொண்டாங்க."

கொண்டுவந்து கொடுத்தார். கண்ணாடி கேட்டாள், அதையும் எடுத்துக் கொடுத்தார். அவள் அட்டையை விளக்குப் பக்கம் திருப்பி, பேரை ஒவ்வொரு எழுத்தாகப் படித்தாள். பிறகு சீட்டைப் படித்தாள். மறுபடியும் அட்டை, மறுபடியும் சீட்டு. கோபமெல்லாம் இல்லை, பார்சல் எண்ணைச் சரிபார்க்கிற முகம்தான். இத்தனை வருடம் பார்க்காமல் வாங்கிய கை அது. இனி எந்த நாளும் பார்க்காமல் வாங்காது என்று அவருக்குத் தெரிந்தது. வலித்தது. அவளிடம் கோபப்படவும் அவருக்கு வழியில்லை.

தண்ணீர் டம்ளரைப் பிடித்துக்கொண்டு, அவள் படித்து முடிக்கும்வரை அவர் ஓரமாக நின்றுகொண்டிருந்தார்.